படிக்காமல் விட்ட இரண்டு வரி

அயனம்பாக்கம்,
12 பிப்ரவரி 1938

அன்புள்ள அக்காவுக்குத் தாட்சாயிணியின் வணக்கம்.

இங்கே நைனா, அம்மா, நான் மூவரும் சுகம். ஏரியில் இன்னும் தண்ணீர் இருப்பதால் நைனா இரண்டாம் போகத்துக்கு நாற்று விட்டிருக்கிறார். கோவில்பதாகையில் அத்தையும் மாமாவும் அத்தானும் சுகமா? குழந்தைக்கு எத்தனை பல் முளைத்திருக்கிறது?

அக்கா, பொங்கலுக்கு நீ வந்திருந்தபோது பார்த்ததைச் சொல்கிறேன், கோபிக்காதே. உன் வளையல்கள் முழங்கை வரை ஏறி இறங்கின. சாயங்காலம் குழந்தையை என்னிடம் கொடுத்தபோது உன் கை சுட்டது. கேட்டதற்கு அடுப்பண்டை இருந்தேன் என்றாய். அன்றைக்கு அடுப்பைப் பார்த்துக்கொண்டது அம்மா. இருமல் வந்தால் நீ முந்தானையைச் சுருட்டி வாயில் வைத்துக்கொள்கிறாய்.

போன வாரம் எங்கள் பள்ளிக்கூடத்துக்கு ஒரு டாக்டர் வந்து க்ஷயரோகத்தைப் பற்றி மாஜிக் லாந்தர் படம் காட்டினார். அந்தக் கிருமி நீல நிறத்தின் நடுவே சிவப்பு நூல் துண்டு போல் இருக்கிறது. இருமலும் மாலைக் காய்ச்சலும் மாதக் கணக்கில் போகாமல், ஆளும் மெலிந்துகொண்டே வந்தால், சளியைச் சோதிக்க வேண்டுமாம். ஆகையால் எனக்கு உண்மையாகப் பதில் எழுது. எத்தனை நாளாக இருமல்? காலையில் எழும்போது ரவிக்கை வியர்வையில் நனைந்திருக்கிறதா? சளியில் ரத்தக் கோடு உண்டா? மாத விலக்கு சரியாக வருகிறதா? எதையும் மறைக்காதே.

மூன்றாம் பாரம் வகுப்பில் சுகாதாரப் பாடத்தில் நான்தான் முதல் என்பதையும் எழுதிவைக்கிறேன்.

குழந்தைக்கு என் முத்தம்.
உன் தங்கை,
தாட்சாயிணி


கோவில்பதாகை,
20 பிப்ரவரி 1938

சிரஞ்சீவி தாட்சாயிணிக்கு அக்கா பூங்காவனம் ஆசி.

இவ்விடம் எல்லாரும் நலம். அங்கும் அப்படியே இருக்க வேண்டும். குழந்தைக்கு நான்கு பல். சிவப்புப் பசு கன்று போட்டிருக்கிறது.

இந்த வீட்டுக்கு வரும் கடிதங்களை மாமா விளக்கு வைத்ததும் கூடத்தில் உட்கார்ந்து எல்லாருக்கும் படித்துக் காட்டுவார். உன் கடிதத்தையும் படித்தார். சின்னவள் டாக்டராகிவிட்டாள் என்று எல்லாரும் சிரித்தார்கள். எனக்கு ஒன்றும் இல்லை. பனி இருமல்தான். இனிமேல் வீட்டுச் செய்தி மட்டும் எழுது. கார்டே போதும்.

பூங்காவனம்


அயனம்பாக்கம்,
3 மார்ச் 1938

அன்புள்ள அக்காவுக்கு வணக்கம். அம்மாவுக்கு முழங்கால் வலி, மற்றபடி சுகம். அங்கே எல்லாரையும் கேட்டதாகச் சொல்.

நான் கேட்ட நான்கு கேள்விகளில் ஒன்றுக்கும் நீ பதில் எழுதவில்லை. அதனால் நைனாவிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். அவர் முதலில் ஒப்பவில்லை.

“கட்டிக் குட்த்த பொண்ணுக்கு எலும்புருக்கின்னு நாமளே ஊரு பூரா தமுக்கு அடிக்கிறதா? நாளைக்கு உன்ன எவன் வந்து பொண்ணு கேப்பான்?” என்றார்.

நான் மூன்று நாள் பேசவில்லை. நான்காம் நாள் அவரே வந்து, “இன்னா வேணும்னு சொல்லித் தொலை” என்றார். மாமாவுக்கும் மரியாதையாகச் சொல்லி அனுப்பியிருக்கிறார். வண்டிக்காரர் சின்னப்பையன் இந்தக் கடிதத்தோடு ஒரு சீசாவும் கொண்டுவருவார். வியாழக்கிழமை காலை அவரே வந்து வாங்கிக்கொள்வார். அன்றே நைனா அதைப் பட்டணத்து ஆஸ்பத்திரிக்கு ரயிலில் எடுத்துப் போவார்.

கவனமாகப் படி. காலையில் எழுந்ததும், ஒன்றும் சாப்பிடுவதற்கு முன் வாயைக் கொப்பளித்துவிடு. பிறகு மூச்சை நன்றாக இழுத்து, அடிநெஞ்சிலிருந்து பலமாக இருமி, கட்டியாக வரும் சளியைச் சீசாவில் துப்பு. வெறும் எச்சிலாக இருந்தால் சோதித்துப் பயனில்லை. கிருமி இருக்கும் இடம் வாய் அல்ல, நெஞ்சு.

பயப்படாதே. ஆரம்பத்திலேயே தெரிந்தால், ஒரு பக்கத்து நுரையீரலில் மட்டும் இருந்தால், விலாவில் ஊசி போட்டுக் காற்றை உள்ளே விடுகிறார்களாம். ஒடிந்த கையைக் கட்டிவைப்பது போல அந்த நுரையீரலை ஓய்வாகப் படுக்கவைத்துவிடுமாம். ஒன்றிரண்டு வருஷத்தில் புண் ஆறுகிறதாம். இரண்டு பக்கமும் பரவிவிட்டால்தான் அது முடியாது. அதனால்தான் அவசரப்படுத்துகிறேன்.

உன் தாட்சாயிணி


கோவில்பதாகை,
11 மார்ச் 1938

தாட்சாயிணிக்கு ஆசி. இங்கே எல்லாரும் சௌக்கியம். அம்மா முழங்காலுக்கு நொச்சி ஒத்தடம் கொடுக்கட்டும்.

சீசா வந்தது. வாய் கொப்பளித்துவிட்டு அதில் துப்ப வேண்டும் என்று நீ எழுதியிருப்பதாக மாமா படித்தார். அப்படியே செய்தேன். அத்தை பக்கத்திலேயே நின்றார். தண்ணீர் போலத் தெளிவாகத்தான் இருந்தது. “பன்னீர் மாரி கீது, இதுல இன்னா பூச்சிய தேடப் போறாங்கோ” என்று அத்தைகூடச் சிரித்தார்.

நைனா அலைய வேண்டியிருக்கிறதே என்று நினைத்தால் எனக்குச் சங்கடமாக இருக்கிறது.

பூங்காவனம்


அயனம்பாக்கம்,
2 ஏப்ரல் 1938

அன்புள்ள அக்கா,

இன்றைக்கு க்ஷேமம் விசாரிக்கவே மாட்டேன், ஏனென்றால் நீ க்ஷேமம் என்று ஆஸ்பத்திரியே எழுதிக் கொடுத்துவிட்டது! கிருமி காணப்படவில்லை. காகிதத்தை நானே மூன்று தரம் படித்தேன். அம்மா நாகாத்தம்மன் கோயிலில் பால் வைத்துவிட்டு வந்தாள். நைனா என்னைப் பார்த்து, “ஒன்னுமில்லாததுக்கு ஒரு நாள் வேல கெட்டுச்சி” என்றார், ஆனால் சிரித்துக்கொண்டே சொன்னார்.

இருமல் நிற்காவிட்டால் மறுபடி சளி கொடுக்க வேண்டும், நெஞ்சுக்கு எக்ஸ்ரே படமும் எடுத்துப் பார்க்க வேண்டும் என்று அங்கே யாரோ நைனாவிடம் சொன்னார்களாம். அதற்கு இனி அவசியமிராது. உன்னைப் பயமுறுத்தியதற்கு மன்னித்துக்கொள். பால் நிறையக் குடி. வகுப்பில் இதைப் பற்றியே கட்டுரை எழுதினேன். சந்தேகம் வந்ததும் சோதித்துப் பார்த்த குடும்பம் என்று டீச்சர் எல்லாருக்கும் படித்துக் காட்டினார். உன் பெயரைப் போடவில்லை.

மாமா இதைப் படிக்கும்போது அவருக்கும் என் நமஸ்காரம்.

தாட்சாயிணி


கோவில்பதாகை,
24 ஜூலை 1938

மாமனார் கோதண்டம் அவர்களுக்கு வரதன் வணக்கம். நாங்கள் சௌக்கியம். தங்கள் சௌக்கியத்தை அறிய விருப்பம்.

தாட்சாயிணி மே மாதமும் ஜூன் மாதமும் போட்ட கடிதங்கள் வந்து சேர்ந்தன. நெல் வரவு அதிகமாக இருந்ததால் ஆவடி மண்டியில் எனக்கு ஓய்வில்லை, பதில் போட முடியவில்லை. பூங்காவனத்துக்கு உடம்பு கொஞ்சம் சுகமில்லை. நேற்று இருமலில் ரத்தம் வந்தது. ஆடி மாதம் தாய்வீட்டில் இருந்துவிட்டு வரட்டும் என்று அப்பா அபிப்பிராயப்படுகிறார். வெள்ளிக்கிழமைக்குள் வண்டி கொண்டுவந்து அழைத்துப் போகவும். குழந்தை இங்கேயே இருக்கட்டும். அம்மா பார்த்துக்கொள்வாள்.

தாங்கள் வரும்போது வண்டியைப் பின் வாசலில் நிறுத்தும்படி அப்பா சொல்லச் சொன்னார்.

வரதன்


அயனம்பாக்கம்,
14 ஆகஸ்ட் 1938

மரியாதைக்குரிய அத்தானுக்குத் தாட்சாயிணி வணக்கம். அக்காவின் நிலையை நீங்கள் விசாரித்து எழுதவில்லை. நானாகவே எழுதுகிறேன்.

நைனாவும் நானும் அக்காவை ஆஸ்பத்திரிக்கு அழைத்துப் போனோம். தகரக் கொட்டகை போட்ட ஒரு ஓரத்தில் நிறுத்தி, நர்ஸ் அக்காவின் முதுகைத் தட்டிக்கொடுத்து இருமச் சொன்னாள். அக்கா சுற்றுமுற்றும் பார்த்தாள். “இங்கே உன் மாமியார் இல்லை, தைரியமாகக் காறித் துப்பு” என்றாள் நர்ஸ். அக்கா துப்பினாள். பழைய சாந்து நிறத்தில் கட்டியாக வந்தது. மூன்று நாள் சளியிலும் கிருமி இருக்கிறது. படம் எடுத்தார்கள். வலப்பக்கம் மேலே குழிவிழுந்திருக்கிறது. இடப்பக்கமும் பரவியிருக்கிறது. காற்று ஊசி போட இயலாது என்று டாக்டர் சொல்லிவிட்டார்.

நான் மார்ச் மாதக் காகிதத்தைக் காட்டி, இதில் இல்லை என்றுதானே எழுதியிருக்கிறீர்கள் என்று கேட்டேன். அவர் கோபிக்கவில்லை. “காணவில்லை என்றுதான் எழுதியிருக்கிறது அம்மா. அன்றைக்கு நீங்கள் அனுப்பியது வாயிலிருந்து வந்த எச்சிலாக இருக்க வேண்டும். இந்தக் குழி ஒரு மாதத்தில் விழுந்ததல்ல” என்றார். பங்குனியிலேயே வந்திருந்தால் என்று நைனா இழுத்தார். டாக்டர் பேனாவை மூடி வைத்துவிட்டு, “ஒரு பக்கம் மட்டும் இருந்திருக்கலாம்” என்றார்.

அத்தான், எச்சில் கூடாது என்று நான் தெளிவாக எழுதியிருந்தேன். அது எப்படி எச்சிலாயிற்று? அக்காவைக் கேட்டால் முகத்தைத் திருப்பிக்கொள்கிறாள்.

இன்னொன்று. குழந்தை ஆடி வரை அக்காவின் பாலைக் குடித்து அவள் பக்கத்திலேயே படுத்திருந்தான். அவனைத் தனியே வைத்தது சரிதான். ஆனால் அவனையும் டாக்டரிடம் காட்ட வேண்டும். கையில் ஒரு சிறு ஊசி போட்டு, மூன்றாம் நாள் தடிப்பு இருக்கிறதா என்று பார்ப்பார்களாம். எப்போது கொண்டுவருகிறீர்கள்?

அடுத்த வாரம் அக்காவைச் சானடோரியத்தில் சேர்க்கிறோம்.

தாட்சாயிணி


சானடோரியம்,
18 செப்டம்பர் 1938

என் கண்ணு தாட்சாயிணிக்கு அக்கா எழுதுவது. நைனாவுக்கும் அம்மாவுக்கும் என் நமஸ்காரம். சுகமா என்று கேட்டு நீ அனுப்பிய கடிதத்தை நானே பிரித்து, நானே படித்தேன். கல்யாணமானதிலிருந்து எனக்கு வந்த கடிதம் ஒன்றை நான் பிரிப்பது இதுதான் முதல் தடவை. உறையைக் கிழிக்கத் தெரியாமல் ஓரத்தையும் சேர்த்துக் கிழித்துவிட்டேன்.

இங்கே நீள வார்டு. ஒரு பக்கம் சுவரே கிடையாது. ஒவ்வொருத்திக்கும் மூடி போட்ட குவளை உண்டு. துப்பினால் யாரும் முகம் சுளிப்பதில்லை, விழுங்கினால்தான் திட்டுகிறார்கள். பக்கத்துக் கட்டிலில் இருக்கும் நாகம்மாள், “இங்க துப்பறதுதான்டி உத்தியோகம். ஒழுங்கா செய்” என்கிறாள். சிரித்தால் இருமல் வருகிறது. ஆனாலும் சிரிக்கிறோம்.

நீ கேட்டுக்கொண்டே இருக்கிறாய். சொல்லிவிடுகிறேன். சீசா வந்த அன்று மாமா வழக்கம்போல விளக்கு வைத்தபின் உன் கடிதத்தைப் படித்தார். அத்தானும் அத்தையும் இருந்தார்கள். பருத்திப்பட்டிலிருந்து வந்த ஒரு பெரியவரும் இருந்தார். வாயைக் கொப்பளித்துவிடு என்பது வரை படித்தார். பிறகு நிறுத்தினார். கண் மட்டும் இரண்டு வரி கீழே போயிற்று. சீசாவில் துப்பு என்று முடித்துவிட்டு, பயப்படாதே என்ற இடத்தில் மறுபடி தொடங்கினார். அவரை நான் குற்றம் சொல்ல மாட்டேன். சளி, காறல் என்கிற பேச்செல்லாம் விளக்கு எதிரில், பெண்கள் நடுவில் அவர் வாயில் வராது. உன் முதல் கடிதத்தில் மாத விலக்கைப் பற்றிக் கேட்டிருந்தாய் என்பதுகூட நீ இங்கே சொன்ன பிறகுதான் எனக்குத் தெரியும். படித்த கடிதத்தை அவர் அறையில் கம்பியில் குத்திவிடுவார். அந்த அறைக்கு நான் பெருக்கக்கூடப் போவதில்லை.

ஆனால் பழி முழுவதும் அவர்மேல் இல்லை. அந்த வீட்டில் மருமகள் காறித் துப்பும் சத்தம் ஆண்கள் காதில் விழக் கூடாது. வந்த புதிதில் ஒரு தடவை அத்தை, “இன்னாமே, ஊடா சாராயக்கடையா?” என்று கேட்டார். அன்றிலிருந்து எல்லாவற்றையும் விழுங்கினேன். சீசாவில் துப்பும்போது என் நெஞ்சில் வேறு ஒன்று கட்டிக்கொண்டு நிற்பது எனக்குத் தெரியும். இதையும் கொடுக்க வேண்டுமோ என்று ஒரு கணம் நினைத்தேன். அத்தை நின்றிருந்தார். விழுங்கிவிட்டேன். எச்சில் சுத்தமாக இருப்பதைப் பார்த்து எனக்கும் சந்தோஷமாகவே இருந்தது.

குழந்தையைப் பற்றி யாராவது எழுதினார்களா?

உன் அக்கா


அயனம்பாக்கம்,
30 செப்டம்பர் 1938

என் அக்காவுக்கு,

உன் எடை இந்த வாரம் கூடியதா என்று முதலில் எழுது. இங்கே எல்லாரும் இருக்கிறோம்.

உன் மார்ச் மாதக் கார்டைத் தேடி எடுத்துப் படித்தேன். எல்லாம் அதிலேயே இருக்கிறது அக்கா. தண்ணீர் போலத் தெளிவாக இருந்தது என்று எழுதியிருக்கிறாய். பன்னீர் மாதிரி என்று அத்தை சொன்னதையும் எழுதியிருக்கிறாய். சளி தண்ணீர் போல் இராது என்பது எனக்குப் பாடம். பரீட்சையில் எழுதி ஐந்து மார்க் வாங்கியிருக்கிறேன். நீ சொல்லக்கூடியதையெல்லாம் சொல்லியிருக்கிறாய், நான் சிரிப்பை மட்டும் படித்திருக்கிறேன். மாமா இரண்டு வரியை விட்டார். நான் ஒரு கார்டு முழுவதையும் விட்டுவிட்டேன்.

அந்தக் கட்டுரையைக் கிழித்துப் போட்டேன். டீச்சர் ஏன் என்றார். தப்பான கட்டுரை என்று மட்டும் சொன்னேன்.

குழந்தைக்காக நைனா இரண்டு தடவை கோவில்பதாகைக்குப் போய் வந்தார். முதல் தடவை குழந்தை தூங்குகிறான் என்றார்கள். இரண்டாம் தடவை நைனாவுக்கு வெளியே ஓலைத் தடுக்கு போட்டு, தேங்காய் ஓட்டில் தண்ணீர் கொடுத்தார்கள். நைனா இதை அம்மாவிடம் சொல்லவில்லை, என்னிடம்தான் சொன்னார். உனக்கும் சொல்லியிருக்கக் கூடாது. ஆனால் இனி உனக்கு எதையும் விட்டு எழுதுவதில்லை என்று முடிவு செய்திருக்கிறேன்.

குழந்தை கொழுகொழுவென்று இருக்கிறான் என்று அத்தை சொன்னாராம். நைனா பார்க்கவில்லை.

உன் தாட்சாயிணி


கோவில்பதாகை,
22 ஜனவரி 1939

சம்பந்தி கோதண்டம் அவர்களுக்கு நாகேந்திரன் எழுதிக்கொள்வது. இறைவன் அருளால் இங்கு நலம். தங்கள் குடும்பத்தார் மன ஆறுதல் அடைந்திருப்பார்கள் என்று நம்புகிறேன்.

மருமகள் பூங்காவனம் காலமாகி இரண்டு மாதம் ஆகிவிட்டது. விதியை யார் தடுக்க முடியும். மருத்துவத்தில் நாம் ஒரு குறையும் வைக்கவில்லை. சீசா அனுப்பிச் சோதித்ததும் ஊர் அறிந்ததே. வரதனுக்கு இருபத்தாறு வயதுதான் ஆகிறது. தாயில்லாக் குழந்தையை அந்நியப் பெண்ணிடம் விட மனம் வரவில்லை. தங்கள் இளைய பெண்ணுக்கு மாசியில் பதினான்கு நிறைகிறது என்று அறிகிறேன். சொந்தச் சிற்றன்னையைப் போல யார் பார்த்துக்கொள்வார்கள்? பங்குனியில் நல்ல முகூர்த்தம் இருக்கிறது. தங்கள் சம்மதத்தை எழுதினால் பாக்கு வெற்றிலையோடு வருகிறோம். படிப்பை நிறுத்த இதுவே சரியான வயது.

நாகேந்திரன்


அயனம்பாக்கம்,
29 ஜனவரி 1939

மரியாதைக்குரிய மாமாவுக்கு வணக்கம். எங்கள் வீட்டில் ஆறுதலைப் பற்றி விசாரித்திருக்கிறீர்கள். அம்மா சாப்பிடுகிறாள். நைனா வயலுக்குப் போகிறார்.

நைனா சொல்ல நான் எழுத வேண்டிய கடிதம் இது. “யோசிச்சி சொல்றோம்னு எழுதும்மா. நாலு வார்த்த மரியாதயா எழுது” என்று சொல்லிவிட்டு ஏரிப் பக்கம் போயிருக்கிறார். அவர் சொன்னதை எழுதிவிட்டேன். இனி நான் சொல்வது.

அக்கா ஆடியில் வந்ததிலிருந்து சானடோரியம் போகும்வரை அவளோடு ஒரே அறையில் படுத்தவள் நான். அவளுடைய குவளையைக் கொதிநீரில் கழுவியவளும் நான்தான். டாக்டர் எனக்கும் படம் எடுத்தார். இப்போது ஒன்றுமில்லை. ஆனாலும் இரண்டு வருஷம் வரை, மூன்று மாதத்துக்கு ஒரு முறை வந்து காட்ட வேண்டும், சளி வந்தால் சளி கொடுக்க வேண்டும் என்று சொல்லியிருக்கிறார். நாங்கள் யாரும் இதை ஒளிக்கவில்லை. உங்களிடமும் ஒளிக்கக் கூடாது என்று எழுதுகிறேன்.

அக்கா இறந்தது விதியால் அல்ல. சளிக்குப் பதில் எச்சில் போனதால் நான்கு மாதம் போயிற்று. அந்த நான்கு மாதம் அவளுடைய இடது நுரையீரல். இதைக் கூடத்தில் படிப்பீர்களோ மாட்டீர்களோ, அது உங்கள் இஷ்டம்.

குழந்தையைச் சோதிக்க வேண்டும் என்று ஆகஸ்டிலேயே எழுதினேன். இப்போதும் அதையே எழுதுகிறேன்.

தாட்சாயிணி


அயனம்பாக்கம்,
4 பிப்ரவரி 1939

அத்தான் அவர்களுக்கு,

இதை வீட்டு விலாசத்துக்கு அனுப்பாமல் ஆவடி மண்டிக்கு அனுப்புகிறேன். நீங்களே பிரித்து நீங்களே படிக்க வேண்டும்.

என் கடிதத்துக்கு மாமா மறுநாளே பதில் போட்டுவிட்டார். கோவில்பதாகையிலிருந்து இவ்வளவு சீக்கிரம் எங்களுக்குப் பதில் வந்ததில்லை. ஜாதகம் சேரவில்லையாம். பருத்திப்பட்டில் வேறு பெண் பார்த்திருக்கிறார்களாம். அதில் எனக்கு வருத்தமில்லை, சந்தோஷமும் இல்லை. கடைசியில் ஒரு வரி எழுதியிருந்தார். குழந்தை சுகம், பத்து நாளாகச் சாப்பாடு மட்டும் பிடிக்கவில்லை, மடியை விட்டு இறங்காமல் சோர்ந்து கிடக்கிறான், பார்க்க வர வேண்டாம் என்று. நைனா அதைப் படிக்கச் சொல்லிக் கேட்டுவிட்டு எழுந்து போய்விட்டார்.

அக்காவைக் கடைசியாகப் பார்க்கச் சானடோரியத்துக்கு நீங்கள் வந்ததை யாருக்கும் சொல்ல வேண்டாம் என்று கேட்டீர்கள். நான் சொல்லவில்லை. கட்டிலுக்கு நாலு முழம் தள்ளி நின்றீர்கள். அவள் உங்களிடம் குழந்தையை டாக்டரிடம் காட்டச் சொன்னாள். சரி என்றீர்கள். அப்பா என்ன சொல்வாரோ என்றும் சொன்னீர்கள்.

பத்து நாளாகச் சாப்பிடாத குழந்தை எப்போது தலைவலிக்கிறது என்று அழுவான், எப்போது கழுத்து விறைக்கும் என்பதெல்லாம் புத்தகத்தில் இருக்கிறது. உங்களுக்கு எழுத எனக்குத் தைரியமில்லை. அந்தக் கிருமி மூளைக்குப் போய்விட்டால் பட்டணத்திலும் மருந்து கிடையாது.

வியாழக்கிழமை காலை முதல் ரயிலுக்கு நைனாவும் நானும் ஆவடி ஸ்டேஷனில் நிற்போம். குழந்தையை மட்டும் எடுத்து வாருங்கள். டாக்டரிடம் சொல்லியாயிற்று. நீங்கள் கூட வர வேண்டாம், மண்டிக்குப் போய்விடலாம்.

வராவிட்டால் காரணம் எழுத வேண்டாம்.

தாட்சாயிணி